ஆறு ஸ்வரத்தில் நிற்கும் மூன்று நாள்: மஜோராஸ் மாஸ்க்கின் காலப் பாட்டு, ஒரு நிகழ்வு ஆய்வு

கற்பனை உலகங்களில் மந்திரப் பாட்டுக்குப் பஞ்சமே இல்லை. பாடினால் மழை வரும், பூட்டு திறக்கும், பேய் ஓடும். அந்தப் பாட்டை எடுத்துவிட்டு ஒரு சாவியையோ மந்திரக்கோலையோ அங்கே வைத்தால் பெரும்பாலும் கதை அப்படியே நடந்துவிடும். எடுத்தால் உலகமே நின்றுபோகிற பாட்டு அரிது. எனக்குத் தெரிந்து அதற்கு மிகச் சரியான எடுத்துக்காட்டு, 2000-ஆம் ஆண்டு நின்டெண்டோ 64 என்ற விளையாட்டு எந்திரத்துக்கு வெளிவந்த ‘தி லெஜெண்ட் ஆஃப் ஜெல்டா: மஜோராஸ் மாஸ்க்’ என்ற வீடியோ கேமில் வரும் காலப் பாட்டு.

இந்தக் கேமில் காலம் பின்னோக்கிப் போவது, ஆட்டத்தைச் சேவ் செய்வது, அதுவரை செய்த நல்லதெல்லாம் அழிவது ஆகிய மூன்றும் ஒரே ஆறு ஸ்வரத்துக்குள் கட்டப்பட்டிருக்கின்றன. அந்த முடிச்சுதான் பாட்டுக்கு எடையைத் தருகிறது என்பது என் வாதம். முடிச்சில் ஒரு இழையை உருவினால் என்ன ஆகும் என்பதற்கும் சான்று இருக்கிறது. 2015-இல் வந்த மறுஆக்கம் அதைத்தான் செய்தது.

பாட்டு எங்கிருந்து வந்தது

காலப் பாட்டு முதலில் ஒலித்தது இதற்கு முந்தைய கேமில். 1998 நவம்பரில் வந்த ‘ஆகரீனா ஆஃப் டைம்’ அது. ஆகரீனா என்பது கைக்குள் அடங்கும் ஊதுகுழல். உருண்டையான உடம்பு, ஓரத்தில் ஊதும் மூக்கு, மேலே விரல் வைக்கத் துளைகள். கதைநாயகன் லிங்க் அதை வாசிக்க வேண்டிய இடங்களில் ஆடுபவர்தான் கண்ட்ரோலரில் ஸ்வரம் ஸ்வரமாக அழுத்த வேண்டும். ஏ பட்டன் ஒன்று, மஞ்சள் நிற சி பட்டன்கள் நான்கு. ஆக ஐந்து ஸ்வரங்கள். மேற்கத்தியக் கணக்கில் டி, எஃப், ஏ, பி, அதற்கு மேல் இன்னொரு டி. டி-யை ஆதார ஷட்ஜமாக வைத்துக்கொண்டால் நம் கணக்கில் அது ச, சாதாரண காந்தாரம், ப, சதுச்ருதி தைவதம், மேல் ச. ரிஷபத்தை எடுத்துவிட்ட சிவரஞ்சனி என்று சொன்னால் பாடத் தெரிந்தவர்களுக்கு உடனே பிடிபடும். ராக லட்சணமெல்லாம் அதில் தேடக் கூடாது, ஆனால் அந்த ஸ்வரங்களின் ஏக்கம் அப்படியே இருக்கிறது. இந்த ஐந்தை வைத்துக்கொண்டு இசையமைப்பாளர் கோஜி கோண்டோ பன்னிரண்டு பாட்டுகளை ஒன்றோடொன்று குழம்பாமல் செய்திருக்கிறார். அதில் சில மூன்றே ஸ்வரம்தான்.

காலப் பாட்டு இதுதான்: ப ச க, ப ச க. பஞ்சமத்திலிருந்து ஷட்ஜத்துக்கு ஒரே இறக்கம், பிறகு காந்தாரத்துக்கு ஏறி அங்கேயே நிற்பது. ஷட்ஜத்தில் வந்து அமராமல் காந்தாரத்தில் தொங்குவதால் காது மறுபடி பஞ்சமத்தை எதிர்பார்க்கிறது. எத்தனை முறை வாசித்தாலும் முடியாத சுழல் அது. ஆடுபவர் ஆறு ஸ்வரத்தைச் சரியாக அழுத்தியதும் மீதி மெட்டைக் கேமே வாசித்து முடிக்கிறது. அந்தப் பகுதி கரகரப்பிரியாவின் மற்ற ஸ்வரங்களையும் தொட்டுவிட்டுக் கடைசியில்தான் ஷட்ஜத்துக்கு வருகிறது. நம் கையில் இருப்பது முடியாத பாதி மட்டுமே.

ஆச்சரியம் என்னவென்றால், அந்த முதல் கேமில் இந்தப் பாட்டுக்குப் பெரிய வேலை கிடையாது. மூன்று புனிதக் கற்களோடு காலக் கோயிலுக்குப் போய் வாசித்தால் கதவு திறக்கும். பிறகு சில இடங்களில் நீலக் கற்பாளங்களைத் தோன்றவும் மறையவும் வைக்கும். லிங்க்கை ஏழு ஆண்டு எதிர்காலத்துக்குக் கொண்டுபோவது கதவுக்குப் பின்னால் இருக்கும் வாள். காலப் பாட்டு என்று பெயர், ஆனால் அதன் வேலை சாவியின் வேலை.

அந்தக் கேமில் காலத்தோடு நிஜமாக விளையாடும் பாட்டு வேறொன்று. காகரிகோ கிராமத்துக் காற்றாலையில் ஒரு இசைக்காரர் எரிச்சலோடு நிற்பார். ஏழு ஆண்டுக்கு முன் ஒரு பொடியன் வந்து ஒரு பாட்டை வாசித்தான், காற்றாலை தறிகெட்டுச் சுற்றியது என்று சொல்லி அதே பாட்டை வாலிப லிங்க்குக்கு வாசித்துக் காட்டுவார். லிங்க் அதைக் கற்றுக்கொண்டு ஏழு ஆண்டு பின்னால் போய், சிறுவனாக, அதே காற்றாலையில் அதை வாசிப்பான். கிணறு வற்றும், வழி திறக்கும், இசைக்காரர் பாட்டை மனதில் வாங்கிக்கொள்வார். அப்படியானால் அதை முதலில் இயற்றியது யார்? யாருமில்லை. தொடக்கமே இல்லாமல் ஏழு ஆண்டுக்குள் சுற்றிக்கொண்டிருக்கும் மெட்டு அது. அழகான புதிர்தான், ஆனால் ஆடுபவரிடம் அது எதையும் கேட்பதில்லை. இரண்டு நிமிடத்தில் கடந்துபோய்விடலாம். அடுத்த கேமில் அந்த வசதி இல்லை.

ஐம்பத்து நான்கு நிமிட உலகம்

மஜோராஸ் மாஸ்க் நெருக்கடியில் பிறந்தது. முந்தைய கேமின் நிலவறைகளைத் திருப்பிப் போட்டு மாற்றுப் பதிப்பு ஒன்று செய்ய வேண்டும் என்பது ஜெல்டா தொடரை உருவாக்கிய ஷிகேரு மியாமோட்டோவின் விருப்பம். வடிவமைப்பாளர் எய்ஜி அவோனுமாவுக்கு அதில் மனமில்லை. புதிதாக ஒன்று செய்யலாமா என்று கேட்டார். ஒரு வருடத்தில் முடித்தால் செய்யலாம் என்று பதில் வந்தது. வேறொரு கேமில் வேலை செய்துகொண்டிருந்த இன்னொரு வடிவமைப்பாளர் யோஷியாகி கொய்சுமி உள்ளே இழுக்கப்பட்டார். சிறிய உலகத்தை மறுபடி மறுபடி ஆட வைக்கும் யோசனை அவரோடு வந்தது. முந்தைய கேமின் பாத்திர உருவங்கள் புதிய பெயரோடு மறுபடி வந்தன. தொடக்கத்தில் ஒரு வாரம் என்றுதான் திட்டமிட்டிருக்கிறார்கள். முதல் நாளுக்குத் திரும்பும்போதெல்லாம் இன்னொரு முழு வாரமா என்ற சலிப்பு வந்ததால் மூன்று நாளாகச் சுருக்கியதாக அவோனுமா பின்னாளில் விளக்கினார். எந்திரத்தின் நினைவகம் போதாமல், அதை இரட்டிப்பாக்கும் எக்ஸ்பான்ஷன் பேக் என்ற துணைக்கருவி இல்லாமல் இந்தக் கேம் ஓடவே ஓடாது என்ற நிலையும் வந்தது.

கதை எளிது. டெர்மினா என்ற நாடு. நடுவில் கிளாக் டவுன் என்ற ஊர், அதன் நடுவில் மணிக்கூண்டு. மேலே முகத்தோடு ஒரு நிலா. நாளுக்கு நாள் அது நெருங்கி வருகிறது. மஜோரா என்ற தீய சக்தி குடியிருக்கும் முகமூடியைத் திருடி அணிந்துகொண்ட ஸ்கல் கிட் என்ற குறும்புப் பிறவிதான் அதை இழுக்கிறது. மூன்று நாள் முடிந்து விடியும்போது நிலா விழும், எல்லாரும் சாவார்கள். கேமின் ஒரு மணி நேரம் நமக்கு 45 விநாடி. 72 மணி நேரம் என்றால் 54 நிமிடம். திரையின் அடியில் கடிகாரம் ஓடிக்கொண்டே இருக்கிறது.

ஊரின் பின்னணி இசையிலும் அந்தக் கடிகாரம் கேட்கிறது. முதல் நாள் துள்ளலான சந்தை மெட்டு. இரண்டாம் நாள் மழை, அதே மெட்டு சற்று வேகமாக. மூன்றாம் நாள் இன்னும் வேகம், அடியில் ஒட்டாத ஒரு இருண்ட ஒலி. கடைசி ஆறு மணி நேரத்தில் மெட்டே போய்விடுகிறது. மணியோசையும் நீண்ட சோகமும் மட்டும்.

முதல் மூன்று நாளில் லிங்க்கிடம் ஆகரீனா கிடையாது. ஸ்கல் கிட் பிடுங்கிக்கொண்டது. உடம்பும் அவனுடையது இல்லை, மரத்தாலான சின்னப் பிறவியாக மாற்றப்பட்டிருக்கிறான். மூன்றாம் நாள் நள்ளிரவில் மணிக்கூண்டின் கதவு திறக்கிறது. மேலே ஏறி ஆகரீனாவை மீட்கிறான். தலைக்கு மேல் நிலா, ஐந்து நிமிடம்கூட இல்லை. அப்போதுதான் இளவரசி ஜெல்டா விடைகொடுத்த நாள் அவன் நினைவுக்கு வருகிறது. இந்தப் பாட்டை வாசித்தால் காலத்தின் தேவி துணை நிற்பாள் என்று சொல்லி அவள் கற்றுக்கொடுத்த ஆறு ஸ்வரம். ப ச க, ப ச க. முதல் நாள் விடிகிறது.

எனக்கு இது கேம் வடிவமைப்பின் ஆகச் சிறந்த தருணங்களில் ஒன்று. பழைய கேமில் கதவு திறந்த அதே ஸ்வரங்கள், அதே பட்டன்கள். முன்பே ஆடியவர்களின் விரலுக்கு அது தெரியும். லிங்க் நினைவுகூரும்போது நாமும் நினைவுகூர்கிறோம். பாட்டின் புராணத்தை யாரோ விவரிக்கக் கேட்டு நம்ப வேண்டிய அவசியமே இல்லை, அது நம் கையிலேயே இருக்கிறது.

எது மிஞ்சும், எது அழியும்

பாட்டை வாசித்ததும் கேம் கேட்கும் கேள்வி, சேவ் செய்துவிட்டு முதல் நாளுக்குத் திரும்பலாமா என்பது. 2000-ஆம் ஆண்டுப் பதிப்பில் ஆட்டத்தை நிரந்தரமாகச் சேமிக்க வேறு வழி இல்லை. மேற்கத்தியப் பதிப்பில் ஆந்தைச் சிலைகளில் தற்காலிகமாக நிறுத்திவைக்கலாம். திரும்ப வந்து தொடர்ந்ததும் அந்தப் பதிவு அழிந்துவிடும். ஜப்பானில் முதலில் வந்த பதிப்பில் இதுவும் கிடையாது. பாட்டை வாசிக்காமல் விட்டால் நிலா விழும், முந்தைய சேவுக்குப் பிறகு சேர்த்ததெல்லாம் போகும். வாசித்தால் உலகம் பிழைக்கும். ஆனால் அந்த மூன்று நாளில் ஊர் மக்களுக்கு நடந்த எதுவும் நடக்காததாகிவிடும்.

மிஞ்சுபவை லிங்க்கின் உடம்போடு ஒட்டியவை மட்டும்: ஊராருக்கு உதவிப் பெறும் முகமூடிகள், முக்கியக் கருவிகள், கற்ற பாட்டுகள், யார் எப்போது எங்கே இருப்பார்கள் என்று இருபது பேரைப் பற்றிக் குறித்துவைக்கும் நோட்டுப் புத்தகம். அம்பு, வெடி, கையிலிருக்கும் காசு எல்லாம் போய்விடும். வங்கியில் போட்ட காசு மட்டும் போகாது. அதற்குக் கேம் சொல்லும் காரணம் எனக்கு மிகவும் பிடிக்கும்: வங்கிக்காரர் கணக்கை ஏட்டில் எழுதுவதில்லை, மை முத்திரையாக லிங்க்கின் உடம்பிலேயே குத்திவிடுகிறார். உடம்பு காலத்தைத் தாண்டிப் போகிறது, முத்திரையும் கூடவே போகிறது. நம்மை அவருக்கு அடையாளம் தெரியாவிட்டாலும் முத்திரையைப் பார்த்துக் கணக்கைச் சொல்லிவிடுவார்.

பாட்டுக்கு இரண்டு வேற்றுருவங்களும் உண்டு, இரண்டையும் சோளக்கொல்லைப் பொம்மை ஒன்று சொல்லித்தரும். தலைகீழாக வாசித்தால், க ச ப, க ச ப, காலம் மூன்றில் ஒரு பங்கு வேகத்துக்கு இறங்கும். ஒவ்வொரு ஸ்வரத்தையும் இரட்டித்தால், ப ப ச ச க க, அடுத்த விடியலுக்கோ அந்திக்கோ தாவும். பல்லவியை மூன்று காலத்தில் பாடிக் கேட்டவர்களுக்கு இந்த விளையாட்டு புதிதல்ல. ஒரே கருவை வைத்துக் காலத்தை இழுப்பதும் நெருக்குவதும் இங்கே இசைக்குள் நிற்காமல் உலகத்தின் விதியாகிவிட்டது. மெட்டைத் திருப்பிப் போடும் கைவேலை வேறிடத்திலும் உண்டு: முந்தைய கேமில் காட்டுத் தோழி சாரியாவின் துள்ளல் பாட்டு க ப த, இந்தக் கேமில் மனக்காயம் ஆற்றும் பாட்டு அதையே பின்னிருந்து வாசிப்பது, த ப க.

அஞ்சுவும் காஃபெயும்

பாட்டின் விலை என்ன என்று தெரியவேண்டுமானால் இந்த ஜோடியின் கதைக்குத்தான் வரவேண்டும். அஞ்சு விடுதி நடத்தும் பெண். திருவிழா அன்று அவளுக்கும் காஃபெய்க்கும் கல்யாணம். காஃபெய் ஒரு மாதமாகக் காணவில்லை. ஸ்கல் கிட் அவனைச் சிறுவனாக மாற்றிவிட்டது. கல்யாண முகமூடியைச் சாகோன் என்ற திருடன் கொண்டுபோய்விட்டான். அதை மீட்காமல் அவள் முன் நிற்க முடியாது என்று காஃபெய் ஒளிந்திருக்கிறான். கடிதம் கொடுத்து, கடிதம் வாங்கி, குறித்த நேரத்தில் குறித்த இடத்தில் நின்று, மூன்று நாளும் வேறு வேலையே பார்க்காமல் இதன் பின்னால் ஓட வேண்டும்.

இதில் ஒரு கொடூரமான கண்ணி இருக்கிறது. முதல் நாள் நள்ளிரவில், ஊரின் வடக்கே, வெடிக்கடைப் பாட்டி ஒருத்தியிடம் சாகோன் மூட்டையைப் பறித்துக்கொண்டு ஓடுவான். நாம் தடுக்கலாம், தடுத்தால் பாட்டி நன்றியோடு ஒரு முகமூடி தருவாள். ஆனால் தடுத்துவிட்டால் அவன் திருட்டுப் பொருளை விற்க இரண்டாம் நாள் இரவு கடைக்கு வரமாட்டான். அவன் வராவிட்டால் காஃபெய் அவனைப் பின்தொடர முடியாது. கல்யாணம் நடக்காது. ஜோடியைச் சேர்க்க வேண்டுமானால், ஒரு கிழவி தள்ளிவிடப்பட்டு விழுவதைத் தெரிந்தே விட வேண்டும். இரண்டு நன்மையும் ஒரே மூன்று நாளுக்குள் அடங்காது.

எல்லாம் சரியாக நடந்தால், நிலா விழச் சுமார் ஒன்றரை மணி நேரம் இருக்கும்போது காஃபெய் முகமூடியோடு வந்து சேர்வான். சிறுவன் உருவத்திலிருக்கும் அவனை அஞ்சு அடையாளம் கண்டுகொள்வாள். இருவரும் முகமூடிகளைச் சேர்த்து, நம்மைச் சாட்சியாக வைத்துக் கணவன் மனைவி ஆவார்கள். நீ தப்பித்துப் போ, நாங்கள் விடியலைச் சேர்ந்தே வரவேற்கிறோம் என்பார்கள். கேமின் ஒன்றரை மணி நம் கடிகாரத்தில் ஒரு நிமிடத்துக்குச் சற்று அதிகம். மெதுவாக்கும் பாட்டு நடப்பில் இருந்தாலும் நான்கு நிமிடம் கிடையாது. அதற்குள் ஆகரீனாவை எடுத்து நாமே அந்தக் கல்யாணத்தை அழிக்க வேண்டும். அடுத்த விநாடி முதல் நாள் காலை. விடுதிக்குப் போனால் அஞ்சு கவலையோடு நின்றுகொண்டிருப்பாள், நம்மை யாரென்றே தெரியாமல்.

எத்தனையோ கதைகளில் காலம் திரும்புவது இரண்டாவது வாய்ப்பாக வருகிறது. இங்கே அது இழப்பாகவும் வருகிறது, நம் விரலாலேயே வருகிறது. ஊர் மக்களின் கடைசி இரவுகளைப் பார்த்தவர்களுக்கு இந்த எடை இன்னும் கூடும். நிலாவையே வெட்டுவேன் என்று வீரம் பேசிய வாள் ஆசிரியர் பின்னறையில் ஒடுங்கி நடுங்கிக்கொண்டிருப்பார். ரோமானி பண்ணையில் அக்கா க்ரேமியா, நீ பெரியவளாகிவிட்டாய் என்று சொல்லித் தங்கைக்கு முதல் முறையாகப் பெரியவர்களின் பாலைக் குடிக்கக் கொடுப்பாள். காலையில் என்ன நடக்கும் என்று அக்காவுக்குத் தெரியும், தங்கைக்குத் தெரியாது. அந்தத் தங்கையை முதல் நாள் இரவு காப்பாற்றத் தவறியிருந்தால் அவள் வெறித்த பார்வையோடு உட்கார்ந்திருப்பாள். இவர்கள் ஒவ்வொருவரும் பாட்டுக்குப் பிறகு மறுபடி எதுவும் அறியாதவர்கள். அறிந்தவர் ஒருவர் மட்டுமே.

இந்த உலகத்தில் காலம் கிழியாமல் நிற்பது அந்த ஒருவரின் நினைவால்தான் என்பது என் வாசிப்பு. எத்தனையோ மூன்று நாள்கள் அழிகின்றன; அவற்றை ஒரே வரிசையாகக் கோத்து வைத்திருப்பவை லிங்க்கின் பையிலிருக்கும் முகமூடிகளும் நம் தலைக்குள் இருப்பவையும். பாட்டியைக் காப்பாற்றியதற்குக் கிடைத்த முகமூடியும் ஜோடியைச் சேர்த்ததற்குக் கிடைத்த முகமூடியும் ஒரே காலத்தில் இருக்கவே முடியாதவை. ஆனால் ஒரே பையில் இருக்கின்றன. கேமும் இதை இறுதியில் ஒப்புக்கொள்கிறது. அந்த நாட்டைக் காக்கும் நான்கு பூதங்கள் வந்து நிலாவைத் தாங்கி, மஜோரா வீழ்ந்து, புதிய நாள் விடிந்த பிறகு ஓடும் இறுதிக் காட்சிகளில், நாம் முகமூடி பெற்றவர்களின் வாழ்க்கை நல்லபடி நடப்பது காட்டப்படும். அஞ்சுவின் கல்யாணமும் அதில் உண்டு. தவறவிட்டவர்களின் இடத்தில் காட்சி வராது. அழிந்த நாள்களில் செய்தது கணக்கில் ஏறியிருக்கிறது.

2015: இழை உருவப்பட்டபோது

நின்டெண்டோ 3டிஎஸ் கையடக்கக் கருவிக்காக 2015 பிப்ரவரியில் வந்த மறுஆக்கத்தில் பல வசதிகள் சேர்ந்தன. எங்கும் பரவலாக நிற்கும் சிலைகளில் நிரந்தரமாகச் சேவ் செய்யலாம். இரட்டிப்புப் பாட்டில் வேண்டிய மணியைத் தேர்ந்தெடுக்கலாம். மெதுவாக்கும் பாட்டு மூன்றில் ஒன்றுக்குப் பதிலாகப் பாதி வேகமே தரும். காலப் பாட்டு முதல் நாளுக்குத் திருப்பும், சேவ் செய்யாது.

பேருந்தில் பத்து நிமிடம் ஆடுபவருக்கு இது தேவை என்பதை நான் மறுக்கவில்லை. பழைய முறையில் மின்சாரம் போனால் ஒரு மணி நேர உழைப்பு போய்விடும், அது யாருக்கும் இன்பமில்லை. ஆனாலும் பாட்டுக்கு நேர்ந்தது பெரிய இழப்பு. பழைய பதிப்பில் ஆட்டத்தை மூடிவிட்டுத் தூங்கப் போகக்கூட அந்த ஆறு ஸ்வரத்தைத்தான் வாசித்தாக வேண்டும். உழைப்பு நிலைக்க வேண்டுமானால் அஞ்சுவை மறக்கடிக்க வேண்டும் என்ற கட்டாயம் அது. காப்பதும் அழிப்பதும் ஒரே செயலாக இருந்ததால்தான் ஒவ்வொரு முறையும் விரல் தயங்கியது. சிலை தனியாகக் காக்கத் தொடங்கியதும் பாட்டிடம் அழிப்பு மட்டும் மிஞ்சியது. நேரம் போதாதபோது எடுக்கும் கருவியாகிவிட்டது. வேண்டிய மணியைத் தேர்ந்தெடுக்க முடிந்ததும் காத்திருப்பும் போனது. தபால்காரர் வரும்வரை வெறுமனே நின்றுகொண்டிருந்த நேரத்தில்தான் ஊரின் மற்ற முகங்களைப் பார்த்தோம்.

இன்று புதிதாக ஆட விரும்புபவருக்கு நின்டெண்டோ ஸ்விட்ச்சில் வழி இருக்கிறது. ஆன்லைன் சந்தாவின் எக்ஸ்பான்ஷன் பேக் திட்டத்தில் (முன்பு சொன்ன துணைக்கருவி அல்ல, பெயர் மட்டும் ஒன்று) பழைய 64 பதிப்பு 2022 பிப்ரவரியிலிருந்து கிடைக்கிறது. முதல் முறை ஆடுபவர்கள் அதையே எடுக்க வேண்டும் என்பேன். அந்தச் சேவையில் நினைத்த இடத்தில் நிறுத்திவைக்கும் வசதி கூடவே வரும், அதைத் தொடாதீர்கள். அஞ்சுவின் கதையைத் தொடங்கும் முன் மெதுவாக்கும் பாட்டைக் கற்றுக்கொள்ளுங்கள், தடையின்றி இரண்டரை மணி நேரம் ஒதுக்கிவைத்துக்கொள்ளுங்கள், வழிகாட்டிக் குறிப்புகளை மூடிவையுங்கள். முதல் நாள் நள்ளிரவில் ஊரின் வடக்குப் பக்கம் போவதா வேண்டாமா என்பதை நீங்களே தீர்மானியுங்கள்.